சாகும் தறுவாயில் அனுப்பிய வரைபடம்: ஹம்ப்ரி லூயிட் (1527–1568)

ஏட்டுவாசி:

அனைவருக்கும் வணக்கம். நான் பள்ளியில் புவியியல் கற்பிக்கிறேன். பழைய வரைபடங்களைப் பற்றி இங்கே முன்பும் எழுதியிருக்கிறேன். இந்த முறை ஒரு மனிதரைப் பற்றிப் பேச வேண்டும் என்று தோன்றியது.

1568 ஆகஸ்டில், வடக்கு வேல்ஸின் டென்பி நகரில் ஒருவர் காய்ச்சலில் படுத்திருந்தார். பத்து நாளாக விடாத காய்ச்சல், ஓயாத தலைவலி. பிழைக்கும் நம்பிக்கை அவருக்கே போய்விட்டது. அந்த நிலையில் ஆண்ட்வெர்ப்பில் இருந்த நண்பர் ஆபிரகாம் ஆர்டீலியஸுக்கு ஒரு கடிதம் எழுதி, அதனுடன் வேல்ஸின் வரைபடம் ஒன்றையும், இங்கிலாந்தின் வரைபடங்களையும், தன் கைப்பட எழுதிய குறிப்புகளையும் சேர்த்து அனுப்பினார். அந்த மாதம் முடிவதற்குள் இறந்துவிட்டார். வயது 41-ஐ ஒட்டி இருக்கும்.

அவர்தான் ஹம்ப்ரி லூயிட். ஆக்ஸ்போர்டில் படித்தவர், மருத்துவம் அறிந்தவர், ஆருண்டெல் பிரபு ஹென்றி பிட்ஸாலனின் இல்லத்தில் பணியாற்றியவர். 1566-67இல் பிரபுவின் இத்தாலியப் பயணத்தில் உடன் சென்றார். திரும்பும் வழியில் ஆண்ட்வெர்ப்பில் ஆர்டீலியஸின் நட்புக் கிடைத்தது. அறிமுகம் செய்துவைத்தவர் ரிச்சர்ட் கிளஃப் என்ற வணிகர். அவரும் டென்பிக்காரர், அயலூரில் தன் ஊர்க்காரரைக் கண்டவர் சும்மா விடுவாரா?

அப்போது ஆர்டீலியஸ் தன் பெரிய வேலையில் மூழ்கியிருந்தார். உலகம் முழுவதன் வரைபடங்களையும் ஒரே அளவில் அச்சிட்டு ஒரே நூலாகக் கட்டும் வேலை அது. 1570 மே மாதம் வெளிவந்த அந்த நூலைத்தான் இன்று முதல் நவீன நிலப்படத் தொகுப்பு என்கிறார்கள். 1573இல் வந்த அதன் இணைப்பில் லூயிட்டின் வேல்ஸ் இடம்பெற்றது. தலைப்பு 'கேம்ப்ரியே டைப்பஸ்'. வேல்ஸை மட்டும் தனியாகக் காட்டி அச்சில் வந்த முதல் வரைபடம் அதுதான். வரைந்தவர் அதை அச்சில் பார்க்கவில்லை.

கடிதத்தில் ஒரு வரி என்னை விடவில்லை. 'என் வேல்ஸை உனக்கு அனுப்புகிறேன். எல்லா இடத்திலும் அழகாக அமையவில்லை, ஆனாலும் உண்மையாகத் தீட்டப்பட்டது, நான் சேர்த்திருக்கும் குறிப்புகளைக் கவனித்தால்' என்பது அதன் பொருள். கடவுள் ஆயுள் கொடுத்திருந்தால் எல்லாவற்றையும் ஒழுங்காகவும் நிறைவாகவும் அனுப்பியிருப்பேன் என்றும் எழுதுகிறார். முடிவில் 'வாழும்போதும் சாகும்போதும் உன்னுடையவன்' என்று கையெழுத்து.

நிறைவடையாத ஒன்றை அனுப்பிவைக்க அவருக்கு எப்படி மனம் வந்தது? அந்தப் படம் உண்மையிலேயே 'உண்மையாகத் தீட்டப்பட்டது' தானா? உங்கள் கருத்தை அறிய விரும்புகிறேன்.

சங்கிலிக்காரர்:

ஐயா, நான் நில அளவைத் துறையில் 37 ஆண்டுகள் இருந்து ஓய்வு பெற்றவன். நீங்கள் எழுதியதைப் படித்த பிறகு அந்தப் படத்தைத் தேடிப் பார்த்தேன். மனத்தில் பட்டதைச் சொல்கிறேன், தவறாக எடுத்துக்கொள்ள வேண்டாம்.

மேற்குக் கடற்கரையைப் பாருங்கள். கார்டிகன் விரிகுடா உண்மையில் அரிவாள் போல உள்வாங்கி வளைகிறது. இவர் படத்தில் அந்த வளைவு தட்டையாகக் கிடக்கிறது. அதற்கு வடக்கே கடலுக்குள் நீளும் லீன் தீபகற்பமும் குட்டையாகிவிட்டது. இது கோணம் பிடித்து, தூரம் அளந்து போட்ட படம் ஆகாது. தன் நாட்டைப் பற்றித் தெரிந்ததையும் படித்ததையும் கேட்டதையும் வைத்து வரைந்திருக்கிறார்.

சில ஆண்டுகளிலேயே கிறிஸ்டோபர் சாக்ஸ்டன் என்ற நில அளவர் வந்தார். 1576இல் அரசின் ஆலோசனை மன்றம் வேல்ஸ் அதிகாரிகளுக்கு ஆணை அனுப்பியது. சாக்ஸ்டனைக் கோபுரம், கோட்டை, குன்று என்று உயரமான இடங்களுக்கெல்லாம் அழைத்துப் போக வேண்டும். நாட்டை நன்கு அறிந்த இரண்டு மூன்று நேர்மையான ஆட்களைத் துணைக்குக் கொடுக்க வேண்டும். வெல்ஷும் ஆங்கிலமும் பேசத் தெரிந்த குதிரைவீரன் அடுத்த சந்தை நகரம் வரை கொண்டுபோய் விட வேண்டும் என்று அதில் இருக்கிறது. அளவை வேலை என்றால் அப்படித்தான் நடக்க வேண்டும். மேட்டில் ஏறி நின்று கண்ணால் பார்த்தவனுக்கும் புத்தக அறையில் உட்கார்ந்தவனுக்கும் வேறுபாடு உண்டு.

இன்னொன்று, எல்லை. இவர் வேல்ஸை செவர்ன் ஆறு வரை கொண்டுபோய்விட்டார். ஷ்ரூஸ்பரி போன்ற ஊர்கள் எல்லாம் அப்போதே இங்கிலாந்தின் மாவட்டங்களில் இருந்தவை. ஓர் அளவர் அப்படி எல்லை போட்டிருந்தால் அன்றே விளக்கம் கேட்டிருப்பார்கள்.

கார்டிஃப்வாசி:

சங்கிலிக்காரர் ஐயா சொன்ன கடற்கரைக் குறையை மறுக்க முடியாது. ஆனால் எல்லை விஷயத்தில் நான் உடன்படவில்லை. வேல்ஸில் பதினோர் ஆண்டுகளாக வாழ்கிறேன். இங்கே இந்தக் கோடு இன்றும் உயிருள்ள விஷயம்.

1536, 1543 ஆண்டுச் சட்டங்கள் வேல்ஸை இங்கிலாந்தோடு இணைத்தன. அதற்கு முன் எல்லைப் பகுதி முழுவதும் தனித்தனிப் பிரபுக்களின் கையில் இருந்தது. அவற்றைக் கலைத்து, சிலவற்றைக் கொண்டு புதிய வெல்ஷ் மாவட்டங்களை உண்டாக்கினார்கள். சிலவற்றை ஷ்ராப்ஷயர், ஹெரிஃபோர்ட்ஷயர் போன்ற இங்கிலாந்து மாவட்டங்களோடு ஒட்டினார்கள். லூயிட்டின் சொந்த டென்பி மாவட்டமே 1536இல் பிறந்ததுதான். அப்போது அவருக்கு ஒன்பது வயது. நீதிமன்ற மொழி ஆங்கிலம் என்றும், வெல்ஷ் மட்டும் பேசுபவர் அரசுப் பதவி வகிக்க முடியாது என்றும் அதே சட்டம் சொன்னது.

ஆகவே அவருக்குச் சட்டப்படியான எல்லை தெரியாமல் இருக்க வாய்ப்பே இல்லை. நாடாளுமன்ற உறுப்பினராக இருந்தவர். 1563இல் டென்பியின் உறுப்பினர். தெரிந்தே செவர்ன் வரை வரைந்தார். பழைய பிரித்தானியர் ஆண்ட நாட்டின் கிழக்கு எல்லை அந்த ஆறு என்பது அவர் நூல்களிலும் சொல்லும் கருத்து. நாட்டின் உட்பிரிவுகளிலும் பழைய அரசுகளான க்வினெத், பொவிஸ், தெகெய்பார்த் என்பவற்றையே காட்டுகிறார்.

வேங்கடத்துக்கும் குமரிக்கும் இடைப்பட்ட நிலத்தைத் தமிழ் வழங்கும் உலகம் என்று நம் பழைய பாயிரம் சொல்கிறதே, அதை யாரும் வருவாய்த்துறை எல்லையாகப் படிப்பதில்லை. அந்தக் கண்ணோடு இந்தப் படத்தையும் பார்க்க வேண்டும்.

சங்கிலிக்காரர்:

பாயிரம் செய்யுள். வரைபடம் அப்படி இல்லையே, தம்பி. செய்யுளைப் படித்துவிட்டு யாரும் வேலி போட மாட்டார்கள். படத்தைப் பார்த்துப் போடுவார்கள். இரண்டு குடும்பங்கள் மூன்று தலைமுறையாக ஒரு வரப்புக்காக நீதிமன்றம் ஏறியதைக் கண்ணால் பார்த்தவன் நான். பழைய எல்லையைக் காட்டுவதில் எனக்கு மறுப்பு இல்லை. 'இது முன்பு இருந்த எல்லை' என்று எழுதிவிட்டுக் காட்ட வேண்டும். அதைத்தான் நேர்மை என்பேன்.

மாலைநேர மருத்துவர்:

எல்லைச் சண்டையை உங்களுக்கே விட்டுவிடுகிறேன். என்னை ஈர்த்தது காய்ச்சல்.

கடிதத்தில் அவர் தன் நோயைச் சொல்லும் விதத்தைக் கவனியுங்கள். நாள்தோறும் குலுக்கும் தொடர் காய்ச்சல், அதனுடன் 'இரட்டை டெர்ஷியன்' என்கிறார். அது மருத்துவம் படித்தவரின் சொல். ஒரு நாள் விட்டு ஒரு நாள் குளிரும் நடுக்கமுமாக வருவது டெர்ஷியன். நம் பாட்டிகள் முறைக்காய்ச்சல் என்பார்கள். இரண்டு முறைகள் ஒன்றோடொன்று பின்னிக்கொண்டு, ஒன்று ஓயும் நாளில் மற்றது எழுந்து, தினமும் காய்ச்சலாக வருவது இரட்டை. இன்று அந்த வடிவத்தைக் கேட்டால் எந்த மருத்துவரும் முதலில் மலேரியாவுக்கு இரத்தம் பார்ப்பார். அக்கால இங்கிலாந்தின் சதுப்பு நிலங்களிலும், தேம்ஸ் கழிமுகத்திலும் அது சாதாரணமாக இருந்தது. இத்தாலியிலும் இருந்தது. அதன் ஒரு வகை கல்லீரலில் பதுங்கியிருந்து மாதங்கள் கழித்தும் திரும்பும். நானூற்றைம்பது ஆண்டுகளுக்கு அப்பால் இருந்துகொண்டு நோயை உறுதி செய்ய மாட்டேன். ஆனால் மலேரியாவுக்கு மருந்தான சின்கோனா பட்டை ஐரோப்பாவுக்கு வந்தது அடுத்த நூற்றாண்டில்தான் என்பதை நினைக்கும்போது மனம் கனக்கிறது.

அவர் மருத்துவர்தானா என்று கேட்பவர்களும் உண்டு. ஆக்ஸ்போர்டில் 1547இலும் 1551இலும் அவர் பெற்றவை கலைப் பட்டங்கள். பிரபுவின் வீட்டில் அவருடைய முக்கியமான வேலை நூல்களைச் சேர்ப்பது என்று தோன்றுகிறது. ஆனால் மருத்துவத்தில் அவர் செய்த வேலை கையில் இருக்கிறது. பேத்ருஸ் ஹிஸ்பானுஸ் எழுதிய 'ஏழைகளின் கருவூலம்' என்ற இலத்தீன் நூலை 1550-ஐ ஒட்டி ஆங்கிலத்தில் கொண்டுவந்தார். அந்த ஆசிரியரைப் பின்னாளில் போப்பாண்டவரான இருபத்தோராம் ஜான் என்று நெடுங்காலமாக அடையாளம் காண்கிறார்கள். செலவு செய்ய முடியாதவர்களுக்காகத் தலையில் தொடங்கிக் கால் வரை உறுப்பு வாரியாக மருந்துகளை அடுக்கித் தருகிற நூல் அது.

லூயிட் வெறுமனே மொழிபெயர்த்துவிட்டு நிற்கவில்லை. ஒவ்வொரு நோய்க்கும் காரணம் என்ன, அறிகுறி என்ன என்று தானே சேர்த்தார். ஹிப்போகிரட்டீஸின் மருத்துவ வாசகங்களை உடலுறுப்பு வரிசைப்படி அடுக்கிக் கொடுத்தார். நூலில் வரும் அரிய பெயர்களுக்கும் எடை அளவுகளுக்கும் விளக்கம் எழுதினார். அப்போது அவருக்கு இருபது வயதைச் சற்றே தாண்டியிருக்கும். ஊரில் மருத்துவர் இல்லாத வீட்டில் ஒரு தாய் இந்தப் புத்தகத்தைத் திறந்தால் எங்கே தடுமாறுவாள் என்று யோசித்திருக்கிறார். எடையைத் தவறாகப் புரிந்துகொண்டால் மருந்தே நஞ்சாகிவிடும் அல்லவா? அதற்காகவே நான் அவரை மருத்துவர் என்று அழைப்பேன்.

முதலாண்டு மாணவி:

எல்லோருக்கும் வணக்கம். நான் இங்கே புதியவள். லூயிட் வெல்ஷ்காரர் என்றால் ஏன் இலத்தீனில் எழுதினார்? படத்தில் ஊர்ப்பெயர்கள் எந்த மொழியில் இருக்கின்றன?

வைகைக்கரை:

நல்ல கேள்வி, தங்கையே. ஐரோப்பா முழுவதும் படிக்க வேண்டும் என்றால் அன்று இலத்தீன்தான் வழி. ஆனால் படத்தில் பல ஊர்களுக்கு இலத்தீன், வெல்ஷ், ஆங்கிலம் என்று மும்மொழிப் பெயர்களையும் தந்திருக்கிறார். எனக்கு அந்தப் படத்தில் மிகவும் பிடித்தது இதுதான்.

அவருடைய 'பிரித்தானிய விவரணம்' என்ற சிறு நூல் 1572இல் கொலோனில் அச்சானது. ஆண்ட்வெர்ப்புக்கு அனுப்பிய அதே குறிப்புகள்தாம் அவை. ஒரு நாட்டை விவரிக்கும் நூல் எங்கே தொடங்கும்? மலையிலோ ஆற்றிலோ தொடங்கும் என்று எதிர்பார்ப்போம். இவர் வெல்ஷ் எழுத்துகளில் தொடங்குகிறார், அவற்றை எப்படி ஒலிக்க வேண்டும் என்று. அந்த மொழி தெரியாதவன் பிரித்தானியாவின் பழைய ஊர்ப்பெயர்களைப் பற்றி எழுதினால் வழுக்கி விழுவான் என்பது அவர் வாதம். அவருடைய பெயரே அதற்குச் சான்று. நாம் 'லூயிட்' என்று எழுதுகிறோம். வெல்ஷில் இரட்டை ல-வாக எழுதப்படும் அதன் முதல் ஒலி நம் லகரம் அல்ல. நாக்கை ல சொல்லும் இடத்தில் வைத்துக்கொண்டு, குரல் எழுப்பாமல் காற்றை மட்டும் பக்கவாட்டில் ஊத வேண்டும். பொருள் 'சாம்பல் நிறம்'.

இந்த வாதத்தை அவர் எப்படிப் பயன்படுத்தினார் என்பதற்கு மோனா தீவு நல்ல எடுத்துக்காட்டு. ட்ரூயிட் குருமார்களின் கோட்டையான மோனா தீவை ரோமானியர் தாக்கியதை வரலாற்றாசிரியர் டாசிட்டஸ் எழுதியிருக்கிறார். அந்த மோனா எது? பொலிடோர் வெர்ஜில் என்ற இத்தாலிய அறிஞர், நடுக்கடலில் இருக்கும் மேன் தீவுதான் அது என்று எழுதினார். ஸ்காட்லாந்தின் ஹெக்டர் போயஸும் அப்படியே. லூயிட்டுக்கு அது பொறுக்கவில்லை. வேல்ஸை ஒட்டியிருக்கும் ஆங்கில்சிதான் மோனா என்று ஆர்டீலியஸுக்குத் தனியாக ஒரு கடிதமே எழுதினார். அது 1570 தொகுப்பிலேயே அச்சானது. அவருடைய சான்றுகள் எளிமையானவை. ரோமானியக் குதிரைவீரர்கள் குதிரைகளோடு நீந்திக் கடந்தார்கள் என்கிறார் டாசிட்டஸ். ஆங்கில்சியைப் பிரிக்கும் மெனாய் நீரிணை சில இடங்களில் சில நூறு மீட்டர்தான். மேன் தீவுக்கு எந்தக் குதிரை நீந்தும்? மேலும், ஆங்கில்சி என்பது பிறர் வைத்த பெயர். உள்ளூர் மக்கள் அந்தத் தீவை அன்றும் 'மோன்' என்றே அழைத்தார்கள், இன்றும் அப்படித்தான்.

அறிஞர்கள் நூல்களில் தேடிக்கொண்டிருந்த விடை அந்தத் தீவின் மீனவர் வாயில் தினமும் இருந்தது. சங்கிலிக்காரர் ஐயா, இவரைப் 'புத்தக அறையில் உட்கார்ந்தவர்' என்று சொல்லிவிட்டீர்கள். இந்த இடத்தில் அவர்தான் மேட்டில் ஏறி நின்றவர்.

முதலாண்டு மாணவி:

மிக்க நன்றி. ஆனால் ஒரு விஷயம் எனக்கு நெருடுகிறது. 'பிரிட்டிஷ் பேரரசு' என்ற சொல்லையே தொடக்கத்தில் பயன்படுத்தியவர்களில் லூயிட்டும் ஒருவர் என்று படித்தேன். உண்மையா? உண்மை என்றால் நாம் அவரை இவ்வளவு கொண்டாடலாமா?

ஏட்டுவாசி:

உண்மைதான். நானும் இதில் தயங்கியவன். அந்த இலத்தீன் விவரணத்தில் அப்படி எழுதியிருக்கிறார். 1573இல் தாமஸ் ட்வைன் அதை ஆங்கிலமாக்கியபோது 'பிரிட்டிஷ் பேரரசு' என்ற தொடர் ஆங்கிலத்திலும் வந்தது. பிறகு ஜான் டீ என்ற ஆங்கில அறிஞர் அதை எடுத்துக்கொண்டு, கடல் கடந்த நிலங்களின் மீது எலிசபெத் அரசிக்கு உரிமை உண்டு என்று வாதாடினார். மாடோக் என்ற வெல்ஷ் இளவரசன் மேற்கே கடலோடிப் புதிய நிலம் கண்டான் என்ற கதையையும் லூயிட் 1559இல் எழுதிய வேல்ஸ் வரலாற்றிலிருந்து எடுத்து அதற்கே பயன்படுத்தினார்கள்.

லூயிட் எழுதியபோது 'பிரிட்டிஷ்' என்றால் வெல்ஷ் மக்களின் முன்னோர். ரோமானியருக்கும் சாக்சனியருக்கும் முன்பு அந்தத் தீவு எங்களுடையது என்பதே அவர் சொல்ல வந்தது. தோற்றுப்போன ஒரு மக்களின் நினைவு அது. அதை வென்றவர்கள் கைப்பற்றி, உலகின் பாதியை ஆள்வதற்கு நியாயமாக்கினார்கள். சென்னையிலிருந்து கல்கத்தா வரை அந்தச் சொல்லின் சுமையைத் தாங்கியவர்களின் பேரப்பிள்ளைகள் நாம். உங்கள் நெருடல் நியாயமானது; அதைக் கைவிடச் சொல்ல மாட்டேன். ஆனால் டீ செய்ததை லூயிட்டின் கணக்கில் முழுவதுமாக எழுத எனக்கு மனம் ஒப்பவில்லை.

கார்டிஃப்வாசி:

இரண்டு ஆண்டுகளுக்கு முன் டென்பிக்குப் போயிருந்தேன். குன்றின் மேல் சிதைந்த கோட்டை, கீழே க்ளூயிட் பள்ளத்தாக்கு. ஊருக்குச் சற்று வெளியே எக்ளூயிஸ் வென் என்று ஒரு கோயில். 'வெள்ளைக் கோயில்' என்று பொருள். அங்கே லூயிட்டின் நினைவுச் சிலை முழந்தாளிட்டு வேண்டியபடி இருக்கிறது. நான் போன அன்று மழை. உள்ளே நானும் விளக்குகளைச் சரிபார்த்துக்கொண்டிருந்த முதியவர் ஒருவரும்தான். 'இவரைப் பார்க்கவா இவ்வளவு தூரம்?' என்று கேட்டார். ஆம் என்றேன். முகம் மலர்ந்துவிட்டது.

அவர் சொன்ன முதல் செய்தி வரைபடம் பற்றியதாக இல்லை. 1563 நாடாளுமன்றத்தில் பைபிளையும் வழிபாட்டு நூலையும் வெல்ஷில் மொழிபெயர்க்க வேண்டும் என்று ஒரு சட்டம் நிறைவேறியது. வேல்ஸின் நான்கு பேராயர்களும் ஹெரிஃபோர்ட் பேராயரும் 1567 மார்ச்சுக்குள் முடிக்க வேண்டும் என்று கெடு. அந்தச் சட்டத்தை மன்றத்தில் முன்னின்று நடத்தியவர் லூயிட் என்பது வழிவழியாக வரும் செய்தி. 1567இல் புதிய ஏற்பாடு வந்தது, 1588இல் முழு பைபிள். நீதிமன்றத்தில் இடம் இழந்த மொழிக்குக் கோயிலில் இடம் கிடைத்தது. வெல்ஷ் இன்றும் பேச்சில் இருப்பதற்கு அது பெரிய காரணம் என்று இங்கே பள்ளிப் பிள்ளைகளும் சொல்வார்கள்.

நூலகம் பற்றியும் ஒரு வார்த்தை. ஆருண்டெல் பிரபுவின் நூல்கள் அவர் மருமகன் லம்லி பிரபுவுக்குப் போயின. லம்லியின் சகோதரி பார்பராதான் லூயிட்டின் மனைவி. 1609இல் அந்தத் தொகுப்பு அரச குடும்பத்துக்கும், 1757இல் பிரிட்டிஷ் மியூசியத்துக்கும் போனது. லூயிட் கையெழுத்திட்ட புத்தகங்கள் இன்றும் லண்டனில் அந்த வரிசைகளில் இருக்கின்றன.

சங்கிலிக்காரர்:

இரண்டு நாளாக நீங்கள் எழுதியதை எல்லாம் திரும்பத் திரும்பப் படித்தேன். கடற்கரை தவறு என்பதை மாற்றிக்கொள்ள மாட்டேன். எல்லையிலும் என் கருத்து அதேதான்.

ஆனால் ஏட்டுவாசி முதலில் எழுதிய வரியை நான் ஒழுங்காகக் கவனிக்கவில்லை. 'நான் சேர்த்திருக்கும் குறிப்புகளைக் கவனித்தால்' என்கிறாரே, அதைத் தாண்டிப் போய்விட்டேன். சாகக் கிடக்கும்போது திரட்டிய குறிப்புகள் அவை என்றும் கடிதத்தில் வருகிறது. தன் படத்தில் குறை இருக்கிறது, எங்கே என்று இதோ எழுதியிருக்கிறேன் என்று சொல்லித்தான் கொடுத்திருக்கிறார். என் பணிக்காலத்தில் அளவைப் புத்தகத்தை முடித்துக் கொடுக்கும்போது 'இந்த வரியைச் சரிபார்க்கவும்' என்று பென்சிலால் எழுதிக் கையெழுத்துப் போட்ட அளவர்களை விரல்விட்டு எண்ணிவிடலாம். நல்ல உடம்போடு இருந்தவர்களே எழுதவில்லை.

பெயர்கள் பற்றி வைகைக்கரை சொன்னதும் உறைத்தது. கிராமத்தில் அளக்கப் போனால் பெரியவர் ஒருவர் கூட நடந்து வருவார். இது ஆலடிச் செய், அது கூத்தன் மேடு, அந்தப் பக்கம் பேய்க்குளத்துப் புஞ்சை என்று சொல்லிக்கொண்டே வருவார். எங்கள் புலப்படத்தில் அதெல்லாம் 114, 115, 116 என்று எண்ணாகிவிடும். எத்தனை பெயர்களைக் காதில் வாங்கிக்கொண்டு எண்ணை மட்டும் எழுதியிருப்பேன் என்று நேற்றிரவு நினைத்துப் பார்த்தேன். தூக்கம் வரவில்லை.

சாக்ஸ்டனின் வேல்ஸ் படங்களையும் இவர் படத்தையும் பெரிதாக அச்செடுத்து வரச் சொல்லி மகனிடம் கொடுத்திருக்கிறேன். ஞாயிற்றுக்கிழமை இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் விரித்து வைத்து, லூயிட்டிடம் இருந்து சாக்ஸ்டனிடம் இல்லாமல் போன ஊர்ப்பெயர்களைச் சிவப்பு மையில் குறிக்கப் போகிறேன். வெல்ஷ் எழுத்துகளை எப்படிப் படிப்பது என்று வைகைக்கரை எனக்கு ஒரு பட்டியல் எழுதித் தர முடியுமா? இரட்டை ல மட்டும் இப்போது ஓரளவு வருகிறது, பேத்தி சிரிக்கிறாள்.

வைகைக்கரை:

இன்றிரவே எழுதி அனுப்புகிறேன், ஐயா. மொத்தம் ஏழெட்டு எழுத்துகள்தாம் நமக்குப் புதியவை.